ஹிப்ஹாப் தமிழன் (இசைத்தொகுப்பு)

கோயம்புத்தூரைச் சேர்ந்த ஆதி, தன் இசைக்கூட்டாளி ஜீவாவுடன் ‘ஹிப்ஹாப் தமிழா’ என்ற பெயரில் 2012இல் வெளியிட்ட முதல் இசைத்தொகுப்பு. படமில்லாத பாட்டுக்குத் தமிழ்நாட்டில் கேட்பாரில்லை என்று இசை வணிகம் நம்பியிருந்த காலத்தில் வந்தது.

வழி திறந்துவிட்டது வானொலிதான். 2011இல் ஹலோ எஃப்.எம். நிகழ்ச்சியொன்றில் ஆதி பாடிய ‘கிளப்புல மப்புல’ யூடியூபில் காட்டுத்தீயாகப் பரவியது. நகரத்துப் பெண்களின் உடையையும் குடியையும் சாடிய அந்தப் பாட்டு, ஆணாதிக்கம் என்ற கண்டனத்தையும் சேர்த்தே வாங்கிக்கொண்டது, கண்டனம் நியாயமானதே.

இந்தியாவின் முதல் தமிழ் ஹிப்ஹாப் தொகுப்பு என்று இதைச் சொல்வதுண்டு. ‘இந்தியாவின்’ என்ற அடைமொழியை விட்டுவிடக் கூடாது. மலேசியாவின் யோகி பி – நட்சத்ரா குழுவினரின் ‘வல்லவன்’ 2006லேயே வந்துவிட்டது. தமிழ் ராப்பின் தாய்வீடு கோலாலம்பூர்தான். கோவை பிறகு வந்தது.

பாட்டை எழுதுபவரே பாடுவதும், தாய்மொழிப் பற்றை மேடைப்பேச்சின் வேகத்தில் கொட்டுவதும் ஆதியின் பாணி. திராவிட மேடைகளைக் கேட்டு வளர்ந்த காதுக்கு அந்த வேகம் புதிதல்ல; தாளம் மட்டுமே புதிது.

திரையுலகம் விரைவிலேயே அழைத்தது. 2013இல் அனிருத் இசையமைத்த ‘எதிர்நீச்சல்’ படத்தில் ஆதி பாடினார். 2015இல் சுந்தர் சி. இயக்கிய ‘ஆம்பள’ மூலம் இருவரும் இசையமைப்பாளர்களாயினர். ‘தனி ஒருவன்’ அதே ஆண்டில் வந்தது. தன் தொடக்க நாள்களைத் தழுவி ஆதியே இயக்கி நடித்த ‘மீசைய முறுக்கு’ 2017இல் வெளியானது.