தன்னுருவும் பிறவுருவும்: புஷ்பமாலாவின் நிழற்படக் கலை

தம் முகத்தைத் தாமே தீட்டித் தாம் இன்னார் என உணர்த்துதல் மேலைநாட்டு ஓவியர் பலர் கைக்கொண்ட மரபு. ரெம்பிராண்டின் தற்படங்கள் இதற்குச் சான்றாம். தம் உடலையே கருவியாகக் கொண்டும் தம் வாழ்வைப் பற்றி ஒன்றும் கூறாத தற்படம் உண்டோ எனின், உண்டு என்பதைப் பெங்களூர்க் கலைஞர் என். புஷ்பமாலாவின் படைப்புகள் காட்டுகின்றன.

1956-இல் பிறந்த இவர் பரோடாவிற் சிற்பம் பயின்றவர். 1990-களின் இடைப்பகுதியில் நிழற்படத்திற்கும் வீடியோவிற்கும் திரும்பித் தம்மையே பாத்திரமாக்கினார். இவற்றுள் யாம் ஈண்டு ஆராயப் புகுவது, நிழற்படக் கலைஞர் கிளேர் ஆர்னியுடன் 2000 முதல் 2004 வரை இவர் உருவாக்கிய 'தென்னிந்தியப் பெண்கள்: ஒழுகலாறும் வழக்கங்களும்' என்னும் பொருள்படும் வரிசையாகும்.

இதன் முதற்பகுதியிற் பத்து வகைப் பெண்கள் காணப்படுகின்றனர். இரவிவர்மாவின் நிலவொளி மங்கை, அச்சுப்படத்து இலக்குமி, வேளாங்கண்ணி அன்னை, பிஜப்பூர் ஓவியத்து யோகினி, தமிழ்த் திரைப்பட நாயகி, செய்தித்தாளில் வந்த குற்றவாளி, ஆங்கிலேயர் எடுத்த படத்துத் தோடர் பெண் முதலிய பல கோலங்களையும் புஷ்பமாலாவே பூண்டுள்ளார். தெய்வமும் குற்றவாளியும் ஒரே முகத்தைப் பெறுதலின், வேறுபாடு முகத்திலன்று. உடையிலும் பின்திரையிலும் நிற்கும் நிலையிலுமே உளது என்பது புலனாகின்றது.

தலைப்பும் உற்றுநோக்கத் தக்கது. அது பிரித்தானிய ஆட்சிக்கால இனவரைவியல் நூல்களின் நடையை நினைவூட்டுவது. 1869-இல் லாம்ப்ரே என்பார், நூலிழைகளால் அமைந்த இரண்டங்குலச் சதுரக் கட்டங்களின் முன் மனிதரை நிறுத்திப் படமெடுத்து அளக்கும் முறையை வெளியிட்டார். சென்னை அருங்காட்சியகத் தலைவராயிருந்த தர்ஸ்டன், மக்களின் தலையையும் மூக்கையும் அளந்தவர். அவர்தம் குலங்களைப் பற்றிய ஏழு தொகுதிகள் 1909-இல் வெளிவந்தன. புஷ்பமாலாவின் இனவரைவியற் படங்களிலும் அக்கட்டத் திரை வருகின்றது. ஆனால் ஆங்கு நிற்பவர் அளக்கப்படுபவராகவும் அவ்வளவையை அமைத்தவராகவும் ஒருங்கே விளங்குகின்றார்.

ஈண்டு ஓர் ஐயம் எழும். தோடர் பெண் தன் விருப்பின்படியா நின்றாள்? அவள் கோலத்தை நகரக் கலைஞர் ஒருவர் புனைதல் பழைய தீங்கை மீளச் செய்தலாகாதோ? இவ்வினாவை எளிதில் தள்ளுதற்கில்லை. எனினும், படங்கள் உருவான முறையையே காட்டும் பகுதியொன்றையும் இவ்வரிசை உடைத்தாதலின், புனைவு மறைக்கப்படவில்லை. அப்பெண்ணின் உள்ளத்தை இப்படங்கள் மீட்டுத் தருகின்றன என்று கூறுதல் பொருந்தாது. அவளைச் சூழ்ந்த சட்டகத்தையே இவை காட்டுகின்றன. இவற்றின் எல்லையும் அதுவே, வலிமையும் அதுவே என்பது எம் துணிபு.

பழைய நிழற்படங்களைச் சான்றாக எடுத்தாளும் தமிழ் ஆய்வாளர்க்கு இதனாற் பெறப்படும் பயன் ஒன்றுண்டு. படத்தில் இருப்பவர் யார் என வினவுமுன், அவரை அவ்வாறு நிறுத்தியவர் யார், எதன்பொருட்டு நிறுத்தினார் என வினவுதல் வேண்டும்.