சம்புத்துறையும் வடகரைப் பௌத்தமும்

பௌத்தம் ஆசியாக் கண்டமெங்கும் பரவிய வரலாற்றை எழுதப் புகுந்தோர் பெரும்பாலும் தரைவழியையே முதன்மைப்படுத்தினர். காந்தாரத்திலிருந்து நடு ஆசியப் பாலைவழியே சீனம் சென்ற துறவியர் அவ்வரலாற்றிற் சிறப்பிடம் பெற்றுள்ளனர். கடல்வழி அத்துணை விளக்கம் பெறவில்லை. கங்கை முகத்திலிருந்த தாமிரலிப்தித் துறையிலிருந்து தெற்கு நோக்கி இறங்கி, ஆந்திரக் கரையையும் சோழக் கரையையும் தொட்டு இலங்கையை அடைந்த அவ்வழி, இத்தீவிற் கால்வைத்த இடங்களுள் முதன்மையானது காங்கேசன்துறையை அடுத்த வடகரை ஆகும். இக்கரையிற் பௌத்தம் நிலவியது என்பதில் ஐயப்பாடு இல்லை. அது எவருடைய பௌத்தம் என்பதே வினா. அவ்வினாவுக்கு இன்று அவசர விடைகள் பல கூறப்படுவதனால், சான்றுகளை நின்று நோக்குதல் வேண்டும்.

கி.பி. ஐந்தாம் நூற்றாண்டளவில் இயற்றப்பட்ட மகாவம்சம் சம்புகோளபட்டினம் என்னும் துறையைக் குறிப்பிடுகின்றது. தேவநம்பியதீசன் அசோகனிடம் அனுப்பிய தூதுக்குழு இத்துறையிற் கப்பலேறி, ஏழு நாளில் மறுகரைத் துறையையும் மேலும் ஏழு நாளிற் பாடலிபுத்திரத்தையும் அடைந்தது என அந்நூல் கூறும். சங்கமித்தை போதிமரக் கிளையுடன் வந்திறங்கியதும் இத்துறையிலேயே. மன்னன் கழுத்தளவு நீரில் இறங்கி அக்கிளையை வரவேற்றான் என்பதும், அதிலிருந்து தோன்றிய கன்றுகளுள் ஒன்று இங்கேயே நடப்பட்டது என்பதும், நாகதீபத்திற் சம்புகோள விகாரை எழுப்பப்பட்டது என்பதும் அந்நூல் தரும் செய்திகள். நிகழ்ச்சிக்கும் நூலுக்கும் இடையே ஏழு நூற்றாண்டுகள் உள்ளன; ஆகவே விவரங்களை எல்லாம் அவ்வாறே ஏற்றல் இயலாது. எனினும், அனுராதபுரத்துத் துறவியர் வடகரைத் துறையொன்றைத் தம் சமயத்தின் வாயிலாகவே கருதினர் என்பது தெளிவு. வாயில் என்பது இருபுறமும் திறப்பது.

சம்புகோளம் என்பது கீரிமலைக்கு மேற்கே மாதகலையடுத்துள்ள சம்புத்துறை எனப் பலரும் கொள்வர். சம்பில்துறை எனவும் அது வழங்கும். 2009ஆம் ஆண்டிற் போர் முடிவுற்றபின் அவ்விடத்திற் சங்கமித்தையின் வருகையை நினைவுகூரும் வழிபாட்டிடம் ஒன்று விருத்தி செய்யப்பட்டது. பழைய மாலுமிகள் இக்கரையை விரும்பியமைக்கு இயற்கையும் காரணமாகலாம். அலை மோதும் சுண்ணக்கற் கரையிலேயே நன்னீர் ஊறும் கீரிமலைக் கேணி, பல நாள் கடலிற் கழித்து வருவோர்க்கு எத்துணைப் பயன்பட்டிருக்கும் என்பதைக் கூறவேண்டியதில்லை.

காங்கேசன்துறை என்னும் பெயர் பிற்பட்டது. மாவிட்டபுரம் கோயிலுக்குரிய காங்கேயன் திருவுருவம், அஃதாவது முருகன் திருவுருவம், வந்திறங்கியமையால் அப்பெயர் அமைந்தது என்றும், முன்னர் அது கயாத்துறை எனப்பட்டது என்றும் தலமரபு கூறும். கயா என்பதைப் புத்தகயாவோடு இணைத்து, பௌத்த யாத்திரிகர் கப்பலேறிய துறை இது என விளக்கியோரும் உளர். கவர்ச்சியான விளக்கந்தான், ஆயினும் ஒலியொப்புமை ஒன்றையே பற்றுக்கோடாகக் கொண்டு வரலாறு எழுதல் ஆகாது. ஊர்ப்பெயர் ஆராய்ச்சியால் ஈழத்து வரலாறு அடைந்த இடர்கள் போதும்.

மண்ணுள் இருந்து கிடைத்தவை பெயர்களினும் உறுதியானவை. காங்கேசன்துறையிலிருந்து தெற்கே, சுன்னாகத்தை அடுத்துள்ள கந்தரோடையில், 1917ஆம் ஆண்டு முதற் சிவில் சேவை அலுவலரான போல் ஈ. பீரிஸ் அகழ்வுகளை மேற்கொண்டார். பனைகள் சூழ்ந்த சிறு நிலப்பரப்பில், இருபதுக்கும் மேற்பட்ட சிறிய தூபிகள் நெருக்கமாக அமைந்திருந்தன. அவை முருகைக்கல்லாலும் சுண்ணக்கல்லாலும் ஆனவை. அனுராதபுரத்தின் வானளாவிய தாதுகோபங்களைக் கண்டு பழகியவர் இவற்றைக் கண்டால் வியப்படைவர். ஆள் உயரத்தை மிகத் தாண்டாதன பல. இத்தகைய தூபித் தொகுதி இலங்கையில் வேறெங்கும் இவ்வாறு காணப்படவில்லை. ஆனால் ஆந்திர நாட்டுச் சங்கரம் என்னுமிடத்திற் குன்றின்மேற் சிறு தூபிகள் கூட்டமாகச் செதுக்கப்பட்டுள்ளன. கந்தரோடைத் தூபிகள் துறவியரின் எச்சங்களைக் கொண்ட நினைவுச் சின்னங்கள் எனவும், இறந்தோரைப் போற்றும் பெருங்கற்காலப் பண்பாட்டின் தொடர்ச்சி இவற்றிற் காணப்படுகின்றது எனவும் கருதும் அறிஞர் உளர்.

பின்னைய கருத்துக்கு ஆதாரம் இல்லாமலில்லை. 1970ஆம் ஆண்டு பென்சில்வேனியாப் பல்கலைக்கழக அரும்பொருளகத்தார் இங்கு அகழ்ந்தபோது, கறுப்புச் சிவப்பு மட்பாண்டங்களைக் கொண்ட பெருங்கற்காலக் குடியிருப்பின் படைகள் வெளிப்பட்டன. ஆகவே பௌத்தம் வெற்றுநிலத்தில் வந்து குடியேறவில்லை. முன்னரே அங்கு வாழ்ந்த மக்களிடையே வந்து வேரூன்றியது. அம்மக்களின் பண்பாடு தென்னிந்தியப் பெருங்கற்காலப் பண்பாட்டோடு ஒத்தது. அரிக்கமேட்டிற் கிடைத்த ரூலெற்றட் வகை மட்பாண்டங்கள் இங்கும் கிடைத்தன. பீரிஸ் கண்டெடுத்த உரோம நாணயங்களும், அச்சுக்குத்திய நாணயங்களும், இலக்குமி உருவம் பொறித்த தகடுகளும், செம்பினாலான மைதீட்டும் கோல்களும் இது வணிகர் நடமாடிய ஊர் என்பதைக் காட்டும். தத்தன் என்பானின் பாத்திரம் எனப் பொருள்படும் பிராகிருதத் தொடர், பிராமி எழுத்தில் ஓர் ஓட்டுத்துண்டின்மீது காணப்பட்டது. அருகிலுள்ள ஆனைக்கோட்டையில், 1980ஆம் ஆண்டு யாழ்ப்பாணப் பல்கலைக்கழகத்தார் அகழ்ந்த பெருங்கற்கால ஈமக்குழியில், கோவேத என வாசிக்கப்பட்ட முத்திரை கிடைத்தது. கோ என்பது அரசனைக் குறிக்கும் திராவிடச் சொல். பிராகிருதமும் திராவிட மொழியும் ஒரே நிலப்பரப்பில் அருகருகே எழுதப்பட்டன என்பதே இவ்விரு சான்றுகளாலும் பெறப்படுவது. பிராகிருதம் அக்காலத்தில் வணிகரும் துறவியரும் நாடுகடந்து வழங்கிய மொழி. அம்மொழிச் சாசனம் ஒன்று கிடைத்த மாத்திரத்தே அவ்வூரார் அனைவரின் தாய்மொழியும் அதுவே என முடிவுகட்டல் பொருந்தாது.

வல்லிபுரத்தில் 1936ஆம் ஆண்டளவிற் கிடைத்த பொற்சாசனத்திற்கும் இது பொருந்தும். வசபன் எனக் கொள்ளப்படும் மன்னனின் காலத்தில், இசிகிராயன் என்னும் அமைச்சன் நாகதீபத்தை ஆண்டபோது, பியகுக தீசன் ஒரு விகாரையை அமைத்தான் என அது கூறுகின்றது. பரணவிதான இதனைப் பழஞ்சிங்களம் எனக் கொண்டார். பேராசிரியர் ஆ. வேலுப்பிள்ளை அதன் மொழியிற் தமிழின் செல்வாக்கைச் சுட்டினார். இசிகிராயன் என்பதன் ஈற்றிலுள்ள ராயன் இவ்விவாதத்திற் பெரிதும் பேசப்பட்டது. நான்கு வரிகளே கொண்ட சிறு தகடொன்று இத்துணைச் சுமையைத் தாங்கவேண்டியதாயிற்று. நாகதீபம் அனுராதபுர அரசின் ஆணைக்குள் அப்போது இருந்தது என்பதற்கு அது சான்று; அதற்கு மேல் அதனிடம் கேட்பது நம் விருப்பத்தையே.

தமிழர் பௌத்தராய் இருந்தனரா என ஐயுறுவோர்க்குச் சான்றுகள் பல. வவுனியாவை அடுத்த பெரியபுளியங்குளத்திற் கிறித்துவுக்கு முற்பட்ட பிராமிச் சாசனம் ஒன்று, தமேட வணிகனாகிய விசாகன் துறவியர்க்குக் குகை அளித்ததைக் கூறுகின்றது. தமேட என்பது தமிழன் என்பதன் பிராகிருத வடிவம். அனுராதபுரத்தில் நான்குநாட்டார் என்னும் தமிழ் வணிகர் மாக்கோதைப்பள்ளி என்னும் பௌத்தப் பள்ளியைத் தோற்றுவித்தனர். திருகோணமலையை அடுத்த வெல்கம் விகாரை, சோழராட்சியில் இராசராசப் பெரும்பள்ளி எனப் பெயர் பெற்று, தமிழ்ச் சாசனங்களையே மிகுதியாகக் கொண்டு விளங்கிற்று. நாகநாட்டு அரசர் இருவர் மணியாசனத்திற்காகப் பூசலிட்டதைப் புத்தர் தீர்த்த கதை, பாளியில் மகாவம்சத்திலும் தமிழில் மணிமேகலையிலும் உள்ளது. உறையூரினரான புத்ததத்தர் அனுராதபுரத்திற் கற்று மீண்டு, காவிரிக்கரைப் பள்ளிகளில் இருந்து பாளியில் நூல்கள் இயற்றினார். அவர் தாயகம் திரும்பிய கப்பலும் புத்தகோசர் இலங்கைக்கு வந்த கப்பலும் நடுக்கடலிற் சந்தித்தன என்னும் மரபுக்கதை வரலாறன்று. எனினும் இக்கடலின் இயல்பை அதனினும் நன்கு காட்டுவது அரிது.

எதிர்க்கரையில் நாகபட்டினம் இருந்தது. கடாரத்து அரசர் அங்கு எழுப்பிய சூடாமணி விகாரைக்கு, கி.பி. 1006 அளவிற் சைவனான முதலாம் இராசராசன் ஆனைமங்கலத்தை வழங்கினான். 1470களிலும் பர்மியத் தேரர் இலங்கையிலிருந்து மீளும் வழியிற் கப்பல் உடைந்து அவ்வூரை அடைந்ததைக் கல்யாணிச் சாசனம் குறிப்பிடும். 2023 ஒக்ரோபர் 14இல் நாகபட்டினத்திலிருந்து காங்கேசன்துறைக்குப் பயணிகள் கப்பல் வந்தபோது, பலர் அதனைப் புதுவழி என்றனர்.

இவை இன்று அமைதியாகப் பேசப்படுவதில்லை. கந்தரோடைத் தூபிகளைக் கதுருகொட விகாரை என்னும் பெயரால் மட்டும் குறித்து, அவற்றைச் சிங்களக் குடியேற்றத்தின் அடையாளமாகக் காட்டுவோர் ஒருபுறம். அத்தொல்லையை அஞ்சி, தம் ஊரின் பழமையைத் தாமே பேசாது விடும் தமிழர் மறுபுறம். பின்னவரின் மௌனம் முன்னவரின் கூற்றுக்கே துணைசெய்தது. காங்கேசன்துறைத் தையிட்டியில் எழுந்த புதிய விகாரை தம் உறுதிக்காணிகளில் அமைந்தது எனக் காணி உரிமையாளர் 2023ஆம் ஆண்டு முதற் போராடினர். அது காணியுரிமை பற்றிய வழக்கு; உறுதிப்பத்திரங்களால் தீரவேண்டியது. தேவநம்பியதீசன் காலத்தை அதற்குச் சாட்சியாக அழைப்பதற்கு இடமில்லை.

பௌத்தம் இக்கரையிலிருந்து ஒருநாளில் அகற்றப்பட்டதன்று. தமிழகத்தில் பக்தி இயக்கம் வலுவுற்றபோது வணிகரும் அரசரும் அளித்த ஆதரவு படிப்படியாகக் கோயில்களை நோக்கித் திரும்பியது. ஆதரவு குன்றிய பள்ளிகள் தேய்ந்தன. அதே மக்களே சைவராயினர் எனக் கருதுவதற்குத் தடையில்லை. ஆரியச் சக்கரவர்த்திகளின் ஆட்சி நிலைபெற்ற பின்னரும் இவ்விடங்களின் நினைவு தென்னிலங்கைத் துறவியரிடம் அழியவில்லை. யாத்திரைத் தலங்களைத் தொகுத்த நம்பொத என்னும் சிங்கள நூல், கதுருகொட, தெலிபொல, மல்லாகம என இப்பகுதியின் தலங்களை நிரல்படக் கூறுகின்றது. கந்தரோடையும் தெல்லிப்பழையும் மல்லாகமும் காங்கேசன்துறை வீதியில் வருவோர் இன்றும் அறிந்த ஊர்களே. அவற்றை அந்நூல் தொகுத்துத் தரும் தலைப்பு தெமள பட்டணம். அஃதாவது தமிழ்ப் பட்டினம்.