கங்காணியின் பின்னே நடந்தவர்களின் சோறு

வழிகாட்டி ஒருவர் முன்னே செல்ல, பத்துப் பன்னிரண்டு பேர் பின்னே நடந்து, தெருவுக்குத் தெரு நின்று, அந்தந்த இடத்துப் பண்டங்களைச் சுவைத்துச் செல்வது இன்று உலகப் பெருநகரங்களில் ஒரு பொழுதுபோக்காகியுள்ளது. கட்டணம் முன்னதாகவே பேசப்படும். எந்தக் கடையில் நிற்பது, எதை உண்பது என்பதை வழிகாட்டியே முடிவு செய்வார். உண்பவர் நடந்த களைப்பை மறந்து வீடு திரும்புவர்.

இலங்கையின் மத்திய மலைநாட்டிலும் வழிகாட்டியைப் பின்தொடர்ந்த நடை ஒன்று இருந்தது. அங்கும் வழிகாட்டியே நிற்குமிடத்தையும் உணவையும் தீர்மானித்தான். அங்கும் விலை முன்னதாகவே குறிக்கப்பட்டது. ஆனால் அது கடன் கணக்கில் குறிக்கப்பட்டது. அவ்வாறு நடந்து வந்தவர்களுட் பலர் வீடு திரும்பவில்லை. அந்நடையின் வழியையும் அதன் முடிவில் கிடைத்த உணவையும் அறிந்தாலன்றி, கொட்டகலை போன்ற ஒரு சிற்றூரின் வரலாற்றை அறிந்ததாகக் கொள்ள முடியாது.

அட்டனுக்கும் தலவாக்கலைக்கும் இடையே, கடல் மட்டத்திலிருந்து ஏறத்தாழ 4000 அடி உயரத்தில் கொட்டகலை அமைந்துள்ளது. அட்டனை விட்டுப் புறப்படும் புகையிரதம் சிங்கமலைச் சுரங்கத்தின் இருளைக் கடந்து வெளிச்சத்துக்கு வந்ததும் எதிர்ப்படும் நிலையம் இதுவே. பாதையின் இருமருங்கிலும் தேயிலைச் சரிவுகள், சரிவுகளின் இடையே லய வரிசைகள், பள்ளத்திலே ஓடை. 1884ஆம் ஆண்டில் இருப்புப் பாதை அட்டனை அடைந்தது. மறு ஆண்டு நானுஓயாவை எட்டியது. அதற்கு முன்னரே இம்மலைகளில் காடு வெட்டிக் கோப்பி பயிரிட்டோர், கோப்பி அழிந்தபின் தேயிலை நட்டோர் அனைவரும் கால்நடையாகவே இங்கு வந்து சேர்ந்தவர்கள்.

இச்சரிவுகளைப் பற்றி முதலில் கவனிக்க வேண்டிய செய்தி ஒன்று உண்டு. இங்கே விளைவது உலகம் விரும்பிப் பருகும் பொருள். அதை விளைவிப்பவர் உண்ணும் சோறு இங்கே விளைவதில்லை. உழைப்பவரின் அரிசி எப்போதும் வேறோரிடத்திலிருந்து, வேறொருவர் கையால், வேறொருவர் எழுதிய கணக்கின்படியே வந்தது. மலைநாட்டுத் தமிழரின் இருநூறாண்டு வரலாற்றின் பெரும்பகுதி இந்த ஒரு நிலைமையினின்றும் பிறந்ததாகும்.

பத்தொன்பதாம் நூற்றாண்டின் முற்பகுதியில் கண்டிப் பிரதேசத்தில் கோப்பித் தோட்டங்கள் பெருகின. அவற்றுக்கு வேண்டிய கூலியாட்களைத் தென்னிந்தியாவிலிருந்து திரட்டி வரும் பொறுப்பு கங்காணிகளிடம் விடப்பட்டது. திருச்சிராப்பள்ளி, மதுரை, இராமநாதபுரம், புதுக்கோட்டை, சேலம் முதலிய பகுதிகளின் வறண்ட ஊர்களுக்குக் கங்காணி சென்றான். தோட்டத் துரை கொடுத்த முன்பணம் அவன் மடியில் இருந்தது. மழை பொய்த்த ஆண்டுகளில் அவன் சொற்களுக்கு வலிமை மிகுதி. 1876 முதல் 1878 வரை சென்னை மாகாணத்தை வாட்டிய பெரும் பஞ்சத்தின்போது இலங்கைக்கு வந்தவர் தொகை பெருகியது வியப்பன்று.

கடற்கரையில் தோணியேறி மன்னார்க் கரையில் இறங்கியபின் நெடுநடை தொடங்கும். வடபாதை எனப்பட்ட அவ்வழி மன்னாரிலிருந்து மாத்தளை வரை ஏறத்தாழ 150 மைல் நீண்டது. அநுராதபுரம், தம்புள்ளை முதலிய இடங்களைத் தொட்டுச் சென்ற அப்பாதையின் பெரும்பகுதி ஆளரவமற்ற வறண்ட காடு. குளங்கள் தூர்ந்து கிடந்தன. கிடைத்த நீரைக் குடித்து, கொண்டுவந்த அரிசியைச் சமைத்து, கிடைத்த மரநிழலில் உறங்கி அவர்கள் நடந்தனர். மாத்தளையை அடைந்தபின்னரும் அட்டன், கொட்டகலை, டிம்புள்ளைப் பக்கத்துத் தோட்டங்களுக்குச் செல்ல வேண்டியவர்களுக்கு மலையேற்றம் எஞ்சியிருந்தது. வெப்பமான சமவெளியில் வாழ்ந்தவர்கள் மேலாடையும் கம்பளியும் இன்றிக் குளிர்மலைக்கு ஏறினர்.

வழியிலே வாந்திபேதியும் காய்ச்சலும் பசியும் பலரை வீழ்த்தின. 1841 முதல் 1848 வரை வந்தவர்களுள் எழுபதாயிரம் பேர் மாண்டிருக்கலாம் என 1849ஆம் ஆண்டில் ‘கொழும்பு ஒப்சேவர்’ ஏடு மதிப்பிட்டது. இத்தொகை மிகையானதென வாதிடும் ஆய்வாளரும் உளர். எண்ணிக்கையிற் கருத்து வேறுபாடு இருப்பினும், பாதையோரத்தில் பிணங்கள் கிடந்தன என்பதில் ஐயம் எழுப்பியவர் இலர். நாளடைவில் வழியிலே தங்கு கொட்டில்களும் கிணறுகளும் மருத்துவ நிலையங்களும் அமைக்கப்பட்டன. ஆயினும், அவை தோன்றுவதற்கு முன் எத்தனையோ பேர் நடந்து முடிந்துவிட்டனர். 1914ஆம் ஆண்டில் தனுஷ்கோடிக்கும் தலைமன்னாருக்கும் இடையே கப்பற் சேவையும், இருகரைகளிலும் அதனோடு இணைந்த புகையிரத சேவையும் ஏற்பட்டன. வடபாதையின் காலம் அதற்குள்ளாகவே முடிவுற்றிருந்தது.

வழியில் உண்ட சோற்றுக்கு விலை உண்டு என்பதைத் தோட்டத்தை அடைந்த பின்பே பலர் அறிந்தனர். தோணிக் கூலி, வழிச் சாப்பாடு, கைச்செலவுக்குக் கொடுத்த சில்லறை யாவும் ஒவ்வொருவர் பெயரிலும் கடனாக எழுதப்பட்டன. வேலை தொடங்குமுன்பே மனிதன் கடனாளியானான். அவன் வேறொரு தோட்டத்துக்கு மாற விரும்பினால், அவன் கடனைக் குறித்த துண்டு எனப்படும் சீட்டு அவனுக்கு முன்னே செல்லும். புதிய துரை அக்கடனைச் செலுத்தி அவனைப் பெற்றுக்கொள்வார். மனிதனின் விலை ஒரு காகிதத்தில் எழுதப்பட்டுக் கைமாறிய இம்முறை 1921ஆம் ஆண்டில்தான் சட்டத்தால் ஒழிக்கப்பட்டது. ஆறிப்போன வழிச்சோற்றின் விலையும் அந்தத் துண்டிலே அடங்கியிருந்தது.

தோட்டத்திலும் அரிசியே ஆட்சி செய்தது. இந்தியாவிலிருந்தும் பர்மாவிலிருந்தும் கொழும்புக்கு வந்த அரிசி முன்னர் மாட்டு வண்டிகளிலும் பின்னர்ப் புகையிரதத்திலும் மலையேறியது. கோப்பியையும் தேயிலையையும் இறக்கிச் சென்ற அதே பாதைகள் அரிசியை ஏற்றி வந்தன. தோட்ட நிருவாகம் அரிசியை அளந்து கொடுத்துச் சம்பளத்தில் கழித்துக்கொண்டது. ஆதலால் சம்பளம் எவ்வளவு என்பதைவிட அரிசியின் விலை யாது என்பதே லயத்துக் குடும்பத்தின் பெருங்கேள்வியாயிற்று. 1927ஆம் ஆண்டின் குறைந்தபட்சச் சம்பளச் சட்டம் கூலியை வரையறுத்தபோது, தோட்டம் கொடுக்கும் அரிசியின் விலையையும் கட்டுப்படுத்த நேர்ந்தது இக்காரணத்தாலேயே. சோற்று விலையைத் தளர விட்டுவிட்டுக் கூலியை உயர்த்துவதாற் பயனில்லை என்பதைச் சட்டமியற்றியோரும் உணர்ந்திருந்தனர்.

இவ்விடத்தில் நுவரெலியாவை நோக்குதல் தகும். கொட்டகலையிலிருந்து மேலும் இரண்டாயிரம் அடி ஏறினால் ஆங்கிலேயர் தமக்கெனச் சமைத்துக்கொண்ட அக்குளிர் நகரத்தை அடையலாம். 1848ஆம் ஆண்டில் அங்கே குடியேறிய சாமுவேல் பேக்கர் இங்கிலாந்திலிருந்து கால்நடைகளையும் ஏர்க்கருவிகளையும் தொழிலாளரையும் கொணர்ந்து ஆங்கிலப் பண்ணை ஒன்றை அமைத்தார். முட்டைக்கோவா, கரட், லீக்ஸ், உருளைக்கிழங்கு முதலிய மரக்கறிகள் அம்மண்ணில் வேரூன்றின. 1876ஆம் ஆண்டில் ஹில் கிளப் தோன்றியது. துரைமார் மாலை உடையணிந்து ஆங்கில விருந்துண்ட அம்மண்டபத்தில் நெடுங்காலம் உள்நாட்டவருக்கு உறுப்புரிமை இருக்கவில்லை. தோட்டத்துப் பங்களாக்களிலும் அதே விருந்துமுறை சிறிய அளவில் நிகழ்ந்தது. குசினியில் அப்பு சமைத்தார். மேசையில் வறுத்த இறைச்சியும் புடிங்கும் வந்தன. பங்களாவுக்கும் லயத்துக்கும் இடையே நடந்துசெல்லும் தூரமே இருந்தது. எனினும் ஒன்றின் அடுப்பு மற்றொன்றை அறியவில்லை.

காலப்போக்கில் துரைமாருக்கென வந்த மரக்கறிகள் லயத்தாரின் கைகளுக்கும் வந்தன. லயத்துக்கு முன்னும் பின்னும் கிடைத்த சிறு துண்டு நிலங்களில் தொழிலாளர் கரட்டும் லீக்ஸும் முட்டைக்கோவாவும் பயிரிட்டனர். அவற்றில் ஒரு பகுதி கறியாயிற்று. பெரும்பகுதி சந்தைக்குச் சென்று கைக்காசாயிற்று. தமக்கென மண் சிறிதும் இல்லாதவர், பிறர் மண்ணின் ஓரத்தில் வளர்த்த இத்தோட்டங்களே மலைநாட்டு மரக்கறி வாணிபத்துக்கு உறுதுணையாயின.

சோற்றின் வரலாற்றில் பெருமாற்றம் 1942ஆம் ஆண்டில் நிகழ்ந்தது. அவ்வாண்டு மார்ச்சில் ஜப்பானியப் படை இரங்கூனைக் கைப்பற்றியது. இலங்கைக்கு வந்த பர்மா அரிசி ஒரேயடியாக நின்றது. அரசாங்கம் அரிசிக்குப் பங்கீட்டு முறையை ஏற்படுத்திற்று. குறைந்த அரிசிக்கு ஈடாகக் கோதுமை மாவை வழங்கிற்று. அதுவரை கோதுமையை உணவாகக் கருதாத மக்கள் வேறு வழியின்றி அம்மாவைப் பிசைந்து தட்டிச் சுட்டனர். போர் முடிந்தது, பர்மா அரிசியும் மீண்டது. ஆனால் ரொட்டி லயத்தை விட்டு நீங்கவில்லை.

இதற்குக் காரணம் தோட்டத்தின் காலக்கணக்கிலேயே உள்ளது. பொழுது புலருமுன் பேரட்டுக் களத்துக்குச் செல்ல வேண்டிய பெண் அதற்கு முன்னரே எழுந்து, அடுப்பு மூட்டி, பிள்ளைகளுக்கும் கணவனுக்கும் தனக்கும் உணவாக்கி, கைக்குழந்தையைப் பிள்ளை மடுவத்தில் ஒப்படைத்துவிட்டுக் கூடையைத் தலையில் மாட்ட வேண்டும். ரொட்டிக்குக் குழம்பும் கறியும் வேண்டுவதில்லை. தேங்காயும் மிளகாயும் உப்பும் சேர்த்து இடித்த சம்பல் போதும். தேங்காய் வாங்க முடியாத நாளில் மிளகாயும் வெங்காயமும் போதும். ரொட்டியைத் துணியில் சுற்றிக் கொழுந்து மலைக்கு எடுத்துச் செல்லலாம். மழையிலும் பனியிலும் அது கெடுவதில்லை. வயிற்றில் நெடுநேரம் நிற்கும். அரசாங்கத்தின் பங்கீட்டுச் சீட்டிலே பிறந்த உணவு இவ்வாறாக மரபுணவாயிற்று. இன்று அதைத் தொன்றுதொட்டு வந்த மலைநாட்டு உணவெனக் கருதுவோர் பலர். அதன் வயது ஒரு நூற்றாண்டுக்கும் குறைவு.

ரொட்டியோடு சேர்வது தேநீர். மலையில் விளைந்த நல்ல தேயிலை பெட்டிகளில் அடைபட்டுக் கொழும்பு, இலண்டன் ஏலங்களுக்குச் சென்றது. தொழிலாளருக்குத் தோட்டம் அளந்து கொடுத்தது தூளேயாகும். அத்தூளில் காய்ச்சிய சாயத் தேநீரை, பால் இன்றி, சீனிக்கட்டியைக் கடித்துக்கொண்டோ சிறிது சர்க்கரையோடோ பருகினர். பசியை ஒத்திப்போடும் ஆற்றல் அதற்கு இருந்தது. பசியைத் தீர்க்கும் ஆற்றல் இருக்கவில்லை.

பசியைத் தீர்க்க வழியின்றி மக்கள் மடிந்த காலமும் வந்தது. 1973, 1974ஆம் ஆண்டுகளில் உலகச் சந்தையில் தானிய விலை ஏறியது. நாட்டில் அந்நியச் செலாவணி குன்றியது. அரிசியும் மாவும் சீனியும் பங்கீட்டில் குறைக்கப்பட்டன. கிராமத்தவர் வயலையோ பலாமரத்தையோ மரவள்ளியையோ நாடினர். தோட்டத்தவர் நாடுவதற்கு எதுவும் இருக்கவில்லை. 1974ஆம் ஆண்டில் தோட்டப் பகுதிகளில் இறப்பு வீதம் கூர்மையாக உயர்ந்தமை அரசாங்கக் கணக்குகளிலேயே பதிவாகியுள்ளது. பலர் மலையை விட்டிறங்கி வவுனியா, கிளிநொச்சிப் பகுதிகளில் நிலம் தேடிச் சென்றனர். 1948ஆம் ஆண்டின் பிரசாவுரிமைச் சட்டத்தால் நாடற்றவராக்கப்பட்ட அம்மக்களில் ஐந்து இலட்சத்து இருபத்தையாயிரம் பேரை இந்தியா ஏற்பதென 1964ஆம் ஆண்டில் இரு நாட்டுப் பிரதமர்களும் உடன்பாடு செய்திருந்தனர். எனவே பஞ்சக் காலத்தில் வேறொரு கூட்டம் தலைமன்னாருக்குப் புகையிரதமேறியது. பாட்டன் நடந்து வந்த திசைக்கு எதிர்த்திசையில் பேரன் பயணமானான். நீலகிரியில் இவர்களுக்கென அமைக்கப்பட்ட தேயிலைத் தோட்டங்களில் மீண்டும் கொழுந்து பறித்தவர்களின் வீடுகளில் கோதுமை ரொட்டியும் சாயத் தேநீரும் உடன் சென்று குடியேறின.

பழங்கதை எனத் தள்ளிவிடத் தக்கதன்று இது. 2022ஆம் ஆண்டில் நாடு பொருளாதார நெருக்கடியில் வீழ்ந்தபோது கோதுமை மாவின் விலை சில மாதங்களில் பன்மடங்காகியது. நகரத்தார்க்கு மாவு பல உணவுகளில் ஒன்று. லயத்தார்க்கு அதுவே காலையும் மாலையுமாகும். 2021ஆம் ஆண்டில் நீண்ட போராட்டத்தின் பின் ஆயிரம் ரூபாவாக உயர்ந்த நாட்கூலி, மாவின் விலைக்கு முன்னே ஓராண்டுக்குள் சுருங்கிவிட்டது. 1927ஆம் ஆண்டின் சட்டமியற்றியோர் அறிந்திருந்த பழைய உண்மை மீண்டும் தெளிவாயிற்று: சோற்றின் விலை பிறர் கையில் இருக்கும்வரை கூலியின் உயர்வு நிலையாது.

இன்று காசல்றீ நீர்த்தேக்கத்தை அண்டிய பழைய துரைமார் பங்களாக்கள் சில உல்லாச விடுதிகளாகியுள்ளன. வழிகாட்டியின் பின்னே தேயிலைச் சரிவுகளில் நடந்து வரும் வெளிநாட்டு விருந்தினர்க்குத் தேங்காய் ரொட்டியும் சம்பலும் சுவைமிக்க உள்ளூர் உணவாகப் பரிமாறப்படுகின்றன. அதிற் குற்றம் காண வேண்டியதில்லை. உழைத்தவரின் உணவு மதிப்புப் பெறுவது நன்றே. ஆனால் அந்த ரொட்டி எந்தப் போரில் பிறந்தது, எந்தப் பஞ்சத்தில் அதுவும் கிடைக்காமற் போயிற்று என்பதையும் வழிகாட்டி கூறுவாராயின், விருந்தினர் உண்ட உணவின் பொருள் நிறைவுறும்.

2023ஆம் ஆண்டு ஜூலை 28ஆம் நாள் தலைமன்னாரிலிருந்து ஒரு நடைபயணம் புறப்பட்டது. மலையகத் தமிழர் வந்து குடியேறிய இருநூறாவது ஆண்டை நினைவுகூர்ந்து, முன்னோர் நடந்த வழியில் ஏறத்தாழ 250 கிலோமீட்டர் நடந்து, ஆகஸ்ட் 12ஆம் நாள் அவர்கள் மாத்தளையை அடைந்தனர். இந்நடையில் கங்காணி இல்லை. வழிச்சோற்றைக் கடனாக எழுதும் ஏடும் இல்லை. காணியுரிமையும் வீட்டுரிமையும் சமத்துவமும் வேண்டும் என்பதே அவர்கள் கோரிக்கை. கோரிக்கைகளுள் காணி முதன்மை பெற்றதன் காரணத்தை மேலே சொன்ன வரலாறு விளக்கும். தமக்கென ஒரு துண்டு மண் உடையவன் பஞ்ச காலத்தில் கிழங்காவது நட்டுப் பிழைப்பான். இருநூறு ஆண்டுகள் பிறர் அளந்து கொடுத்த சோற்றை உண்டவர்கள், தாமே அளந்து உண்ணும் நாளை வேண்டி அவ்வழியே நடந்தனர்.