யூனிட் 64 கதை

ஆம்பூர் ஷூ கம்பெனிகளில் இருக்கும் என் பழைய மாணவர்கள் சிலர், "சார், புதுசா வந்த ஸ்மால்கேப் ஃபண்ட் நல்லா ஏறுது, போனஸைப் போடலாமா?" என்று கேட்கிறீர்கள். ஒரு பழைய கதை சொல்கிறேன்.

1964-இல் யூ.டி.ஐ. தொடங்கிய யூனிட் 64-ஐ வங்கி டெபாசிட் போல நம்பினார்கள். டிவிடெண்டும் நன்றாக வந்தது. உள்ளே இருந்ததோ பெரும்பகுதி பங்குகள். சந்தை சரிந்தபோது, 2001 ஏப்ரல், மே மாதங்களில் பெரிய கம்பெனிகள் பணத்தை எடுத்துக்கொண்டன. ஜூலை 2-ஆம் தேதி, ஆறு மாதத்துக்கு யூனிட்டைத் திருப்பிக் கொடுக்க முடியாது என்று அறிவிப்பு! மகள் கல்யாணத்துக்கு வைத்திருந்தவர் என்ன செய்வார்? எதிர்ப்பு கிளம்பிய பிறகே, 3,000 யூனிட் வரை 10 ரூபாய்க்குக் கொடுக்க வழிவிட்டார்கள். அதைவிட அதிக விலைக்கு வாங்கியவர்கள் ஏராளம்.

குடோனில் தோல் அடுக்கியிருந்தாலும் ஆர்டர் இல்லாவிட்டால் பணமாகாது, உங்களுக்குத் தெரியாததா? சிறு கம்பெனிப் பங்கும் அப்படித்தான். ஃபண்ட் சின்னது என்றால் விற்பது சுலபம், உண்மைதான். ஆனால் பெரும்பணம் ஒரு சிலருடையது என்றால், அவர்கள் கிளம்பும்போது விலைபோகும் பங்குகள் போய்விடும். விலைபோகாதவை நம் தலையில் மிஞ்சும்.

பாதிப் பங்குகளை விற்க எத்தனை நாள் ஆகும் என்று 2024 மார்ச் முதல் ஸ்மால்கேப் ஃபண்டுகள் மாதாமாதம் வெளியிடுகின்றன. அந்தக் கணக்கைப் பார்த்துவிட்டு எனக்குப் போன் செய்யுங்கள்.