நாற்பது ஷில்லிங் நாடகம்

சர்வர் விழுந்தால் நாங்கள் முதலில் திறப்பது லாக் ஃபைலைத்தான். விழுவதற்குச் சற்று முன்னால் யார் எதைத் தொட்டார்கள் என்று தேடுவோம். அங்கே யாராவது சிக்கிவிட்டால், 'இவன்தான்' என்று கை நீட்டிவிடுவோம். பல தடவை அது தப்பாகிப் போயிருக்கிறது. ஷேக்ஸ்பியரின் 'இரண்டாம் ரிச்சர்ட்' பற்றிப் படிக்கும்போதெல்லாம் எனக்கு இதுதான் ஞாபகத்துக்கு வரும்.

முதலில் சம்பவத்தைச் சொல்லிவிடுகிறேன். 1601 பிப்ரவரி 7, சனிக்கிழமை. லண்டன் குளோப் அரங்கில் ஷேக்ஸ்பியரின் குழு, இரண்டாம் ரிச்சர்ட் மன்னர் பதவியிலிருந்து இறக்கப்பட்டுக் கொல்லப்படும் நாடகத்தைப் போட்டது. கேட்டுப் போடவைத்தவர்கள் எஸ்ஸெக்ஸ் பிரபுவின் ஆட்கள். 'ரொம்பப் பழைய நாடகம், கூட்டம் வராது' என்று நடிகர்கள் தயங்கியிருக்கிறார்கள். வழக்கமான வரும்படிக்கு மேல் 40 ஷில்லிங் தருகிறோம் என்றதும் ஒத்துக்கொண்டார்கள். மறுநாள் எஸ்ஸெக்ஸ் சில நூறு பேரோடு லண்டன் தெருவில் இறங்கினார். ஊர் மக்கள் அவரோடு சேரவில்லை. ராத்திரிக்குள் சரணடைந்தார். 25-ஆம் தேதி அவர் தலை வெட்டப்பட்டது.

முதல் நாள் நாடகம், அடுத்த நாள் கலகம். லாக் ஃபைல் கச்சிதமாக இருக்கிறது, இல்லையா?

பின்னணியும் பொருந்தத்தான் செய்கிறது. ரிச்சர்டுக்குப் பிள்ளை இல்லை. வேண்டியவர்களின் பேச்சைக் கேட்டு நாட்டைக் கெடுத்தார் என்று பெயர் வாங்கியவர். 1399-இல் அவரை இறக்கிவிட்டு, சித்தப்பா மகன் போலிங்புரோக் நான்காம் ஹென்றியாக முடிசூடினார். 1601-இல் எலிசபெத் ராணிக்கு வயது 67, அவருக்கும் வாரிசு இல்லை. அடுத்தது யார் என்று வாய் திறப்பதே ஆபத்து. திறந்த பீட்டர் வென்ட்வொர்த் என்ற பார்லிமென்ட் உறுப்பினர் 1597-இல் டவர் சிறையிலேயே செத்துப்போனார். ஹென்றி மன்னரைப் பற்றிப் புத்தகம் எழுதி 1599-இல் அதை எஸ்ஸெக்ஸுக்குச் சமர்ப்பணம் செய்த ஜான் ஹேவர்டும் அடுத்த வருடம் அதே டவருக்குப் போனார்.

இந்த ஒரு மத்தியான ஆட்டத்தை வைத்து எத்தனை வியாக்கியானம்! இரண்டாம் உலகப்போர் நடந்துகொண்டிருந்த 1944-இல், டில்லியார்ட் என்ற கேம்பிரிட்ஜ் பேராசிரியர் ஷேக்ஸ்பியரின் சரித்திர நாடகங்களைப் பற்றி ஒரு புத்தகம் போட்டார். ஒழுங்கு தெய்வம் வகுத்தது, ராஜாவைத் தள்ளினால் நாடு தலைமுறை தலைமுறையாக ரத்தம் சிந்தும், இதுதான் இந்த நாடகங்கள் சொல்வது என்றார். 1982-இல் ஸ்டீபன் கிரீன்பிளாட் இதே குளோப் சம்பவத்தை எடுத்து நேர் எதிராகப் பேசினார். நாடகம் தன் காலத்தைக் காட்டும் கண்ணாடி மட்டுமல்ல, அந்தக் கால அதிகாரச் சண்டையில் தானும் ஒரு பங்காளி என்றார். 'புதிய வரலாற்றியம்' என்ற பெயர் பரவியது அந்தக் கட்டுரைக்குப் பிறகுதான். ராணியே தன்னை ரிச்சர்டோடு ஒப்பிட்டுப் பேசியதாக ஒரு பழைய குறிப்பு உண்டு. அவர் அதையும் துணைக்கு எடுத்துக்கொண்டார். அந்தக் குறிப்பே உண்மையானதுதானா என்று பின்னால் வந்தவர்கள் கேட்டிருக்கிறார்கள்.

2008-இல் பால் ஹாமர் என்ற வரலாற்றாசிரியர் நேரத்தைக் கணக்குப் பார்த்தார். நாடகத்துக்குச் சொல்லிவைத்தது வியாழன் அல்லது வெள்ளி. ராணியின் ஆலோசனைக் குழு எஸ்ஸெக்ஸை வரச்சொல்லி ஆள் அனுப்பியது சனிக்கிழமை சாயங்காலம், நாடகம் முடிந்த பிறகு. பயந்துபோய், அவசரமாக எடுத்த முடிவுதான் ஞாயிற்றுக்கிழமைக் கலகம். அப்படியென்றால் நாடகத்தை ஏற்பாடு செய்தபோது மறுநாள் கலகம் என்பதே யாருக்கும் தெரியாது! இரண்டு பதிவுகள் அடுத்தடுத்து இருக்கின்றன, அவ்வளவுதான்.

சரி, இந்த இரண்டையும் முதலில் முடிச்சுப் போட்டது யார்? எனக்கு உறுத்தியது இந்தக் கேள்விதான். தேடினால், நமக்குக் கிடைப்பதில் முக்கால்வாசி விசாரணைக் காகிதம். நடிகர் அகஸ்டின் பிலிப்ஸ் பிப்ரவரி 18-இல் கொடுத்த வாக்குமூலத்தில், நாடகம் கேட்டு வந்தவர்கள் என்று சார்லஸ் பெர்சி, ஜோசிலின் பெர்சி, மான்டீகிள் பிரபு ஆகியோரின் பெயர் இருக்கிறது. எஸ்ஸெக்ஸின் காரியஸ்தர் கெல்லி மெரிக்கின் பெயர் அதில் இல்லை. யார் ஏற்பாடு என்று மெரிக்கைக் கேட்டதற்கு, சார்லஸ் பெர்சியாக இருக்கலாம் என்றார். ஆனால் அதே வருடம் அரசுத் தரப்புக்காக ஃபிரான்சிஸ் பேக்கன் எழுதிய அறிக்கை, நாடகத்தைப் போடவைத்தவர் மெரிக் என்கிறது. மேடையில் பார்த்ததை அவர் நாட்டில் நடத்திக்காட்ட ஆசைப்பட்டார் என்பது பேக்கனின் விளக்கம். எஸ்ஸெக்ஸ் மாளிகையை ஆயுதத்தோடு காத்து நின்றதுதான் மெரிக் மீது பெரிய குற்றச்சாட்டு. நாடகம் அதோடு சேர்ந்துகொண்டது. மார்ச்சில் அவரைத் தூக்கில் போட்டார்கள். பெர்சி சகோதரர்கள் அபராதத்தோடு தப்பினார்கள்.

ஆக, இந்த நாடகத்துக்கு அரசியல் விளக்கம் சொன்ன முதல் விமர்சகர் பிராசிக்யூஷன் வக்கீல்! நாம் இன்றைக்கு வியந்து படிக்கிற கதை அவர் தொடுத்துக் கொடுத்தது. அதே அரசாங்கம் நடிகர்களைத் தொடவில்லை. பிப்ரவரி 24, எஸ்ஸெக்ஸ் தலை போவதற்கு முந்தின ராத்திரி, இதே குழு அரண்மனையில் ராணி முன்னால் நாடகம் போட்டது.

அப்போ நாடகத்தில் அரசியலே இல்லைன்னு சொல்ல வருகிறேனா? இல்லை. 1597-இல் முதல் பதிப்பு, 1598-இல் இன்னும் இரண்டு. மூன்றிலுமே, பார்லிமென்டில் எல்லோர் முன்னாலும் ரிச்சர்ட் கிரீடத்தைக் கழற்றிக் கொடுக்கும் கட்டம், சுமார் 160 வரி, கிடையாது. அது அச்சில் வந்தது 1608-இல், ராணி இறந்து ஐந்து வருடம் கழித்து. தணிக்கையில் வெட்டினார்களா, பின்னால் எழுதிச் சேர்த்தார்களா என்று இன்னும் சண்டை நடக்கிறது. நான் வெட்டுக் கட்சி. காரணம், முதல் பதிப்பிலேயே அந்த இடத்துக்கு அடுத்து ஒரு மடாதிபதி வந்து, இப்போது கண்ட சோகக் காட்சியைப் பற்றிப் புலம்புகிறார். புலம்பும் அளவுக்கு அந்தப் பதிப்பில் பெரிதாக ஒன்றும் நடந்திருக்காது. ஃபங்ஷனை அழித்துவிட்டு அதைக் கூப்பிடும் வரியை அழிக்க மறந்தது மாதிரி. அதற்கு முன்னால் ஒரு பிஷப் கைதாவதைத்தான் அவர் சொல்கிறார் என்ற பதிலும் உண்டு. ஆனால் ராஜாவின் கொலை மூன்று பதிப்பிலும் அப்படியே இருக்கிறது. ராஜா கொல்லப்படுவதை அச்சடிக்கலாம், பார்லிமென்ட் கூடி அவரை இறக்குவதைக் கூடாது என்றால், பயம் எங்கே இருந்தது என்று தெரிகிறதல்லவா? இது வக்கீல் சொல்லித் தெரிந்துகொண்டதல்ல, பிரதியில் இருக்கிற ஓட்டை.

நாடகமும் ஒரு பக்கம் சாயவில்லை. ரிச்சர்ட் மோசமான ராஜா, ஆனால் விழும்போது நம் மனசு அவர் பக்கம் போகிறது. ஜெயித்த போலிங்புரோக் கடைசியில் பாவம் கழுவப் புனித பூமிக்குப் போவதாகச் சொல்லி நிற்கிறார். எஸ்ஸெக்ஸ் ஆட்கள் இதில் என்ன பார்த்தார்கள், பேக்கன் என்ன பார்த்தார் என்பது அவரவர் தேவை.

ஒரு பழைய நாடகத்துக்கு அரசியல் விளக்கம் படித்தால், இப்போதெல்லாம் நான் முதலில் பார்ப்பது ஒன்றுதான். ஆதாரம் பிரதியில் இருக்கிறதா, இல்லை யாரோ ஒருவரைத் தூக்கில் போடத் தயாரித்த ஃபைலில் இருக்கிறதா? இரண்டாவது என்றால், அந்த ஃபைலை எழுதியவர் யார் என்று பார்த்துவிட்டுத்தான் மேலே படிக்கிறேன்.