பெட்ரோமாக்ஸ் மேண்டிலும் மணவாளக்குறிச்சி மணலும்

கடந்த மாதம் நம் குடியிருப்பில் மின்கழிவு சேகரிப்பு நாள் நடந்தது அல்லவா? கிளப் ஹவுஸ் வாசலில் போட்டிருந்த மேசையில் நானும் இரண்டு மணி நேரம் உட்கார்ந்திருந்தேன். பழைய செல்போன், சார்ஜர், கீபோர்டு, உயிர் போன மிக்சி என்று வரிசையாக வந்துகொண்டிருந்தன. மதியம் நெருங்கும் நேரத்தில் பெரியவர் ஒருவர் ஒரு பெட்ரோமாக்ஸ் விளக்கைத் தூக்கிக்கொண்டு வந்தார். கூடவே பிரிக்காத மேண்டில் பாக்கெட் இரண்டு.

"இது மின்கழிவுல சேருமா சார்?" என்று கேட்டார்.

மண்ணெண்ணெயில் எரியும் விளக்கு எப்படி மின்கழிவாகும் என்று எல்லோரும் சிரித்தோம். உதவிக்கு நின்றிருந்த கல்லூரி மாணவர் மட்டும் பாக்கெட்டைத் திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டு, "அங்கிள், மேண்டில்னா என்ன?" என்று கேட்டார். அவருக்கு அன்று அவசரத்தில் அரைகுறையாகச் சொன்ன பதிலை இங்கே முழுதாகச் சொல்கிறேன்.

தொட்டால் உதிரும் துணி

1984-ல் வந்த 'வைதேகி காத்திருந்தாள்' படத்தில் கவுண்டமணியின் கடையில் செந்தில் மேண்டிலை நசுக்கிவிடும் காட்சியை நம்மில் பலர் மறந்திருக்க மாட்டோம். அந்தச் சிரிப்புக்குள் ஒரு வேதியியல் பாடமும் இருக்கிறது.

கடையில் வாங்கும் மேண்டில் ஒரு சின்னத் துணிப் பை. அது தோரியம், சீரியம் என்ற இரண்டு தனிமங்களின் உப்புக் கரைசலில் ஊறவைத்து உலர்த்தப்பட்டது. முதல் முறை கொளுத்தும்போது துணி எரிந்து போய்விடும். துணியின் வடிவத்தில் மிஞ்சி நிற்பது அந்த உலோகங்களின் ஆக்சைடு மட்டும்தான். சாம்பல் போன்ற அந்தக் கூடு விரல் பட்டாலே உதிர்ந்துவிடும். ஆனால் நெருப்பு அதை ஒன்றும் செய்யாது. தோரியம் ஆக்சைடு உருக 3,000 டிகிரி செல்சியஸுக்கு மேல் சூடு வேண்டும். ஆகவே சுடரில் உருகாமல் நின்று, வெள்ளை வெளேரென்று ஒளிர்கிறது.

இதைக் கண்டுபிடித்தவர் ஆஸ்திரியாவின் கார்ல் ஆவர் ஃபான் வெல்ஸ்பாக். 1885-ல் அவர் செய்த முதல் மேண்டிலின் வெளிச்சம் பச்சை கலந்திருந்தது. எளிதில் உடைந்தும் போனது. விடாமல் முயன்று, 1891-ல் 99 பங்கு தோரியம் ஆக்சைடு, 1 பங்கு சீரியம் ஆக்சைடு என்ற கலவையைப் பிடித்தார். அந்த ஒரு பங்கு சீரியம் இல்லாவிட்டால் வெளிச்சம் மங்கிவிடும். எடிசனின் மின்விளக்கு வந்த பிறகும் நகரத் தெருக்களில் எரிவாயு விளக்கு பல ஆண்டுகள் தாக்குப்பிடித்ததற்கு இந்தக் கலவை முக்கியக் காரணம்.

ஸ்வீடன் கிராமத்துக் கறுப்புக் கல்

சீரியம் 'அருமண் தனிமங்கள்' என்ற குடும்பத்தைச் சேர்ந்தது. இந்தக் குடும்பத்தில் மொத்தம் 17 தனிமங்கள். இதன் கதை 1787-ல் ஸ்டாக்ஹோம் அருகே இட்டர்பி என்ற சிற்றூரில் தொடங்குகிறது. அங்கிருந்த சுரங்கத்தில், கார்ல் ஆக்செல் அரீனியஸ் என்ற ராணுவ அதிகாரி அளவுக்கு மீறிக் கனத்த கறுப்புக் கல் ஒன்றைப் பார்த்தார். 1794-ல் பின்லாந்தின் வேதியியலர் யோஹான் கடோலின் அதை ஆராய்ந்து, அதில் அதுவரை அறியாத ஒரு 'மண்' இருப்பதாக அறிவித்தார். எளிதில் உருகாத, நீரில் கரையாத ஆக்சைடுகளை அந்தக் காலத்தில் 'மண்' என்றே அழைத்தார்கள். இட்ரியம், இட்டர்பியம், டெர்பியம், எர்பியம் ஆகிய நான்கு தனிமங்களுக்கும் அந்தச் சிற்றூரின் பெயரே வைக்கப்பட்டது.

உண்மையில் இவை அவ்வளவு அரியவை அல்ல. பூமியின் மேலோட்டில் சீரியம் ஏறக்குறைய செம்பு அளவுக்கு இருக்கிறது. ஒன்றிலிருந்து இன்னொன்றைப் பிரிப்பதுதான் பெரும்பாடு. 1841-ல் 'டிடிமியம்' என்று ஒரே தனிமமாக அறிவிக்கப்பட்டதை, 1885-ல்தான் நியோடைமியம், பிரசியோடைமியம் என்று இரண்டாகப் பிரிக்க முடிந்தது. பிரித்தவர் நம் மேண்டில்காரர் வெல்ஸ்பாக்தான்!

கயிற்றில் ஒட்டி வந்த மணல்

மேண்டில் விற்பனை ஏற ஏற, தோரியத்துக்குத் தேவையும் ஏறியது. தோரியமும் சீரியமும் சேர்ந்திருக்கும் மோனசைட் என்ற கனிமம் அப்போது பெரும்பாலும் பிரேசில் கடற்கரையிலிருந்து வந்தது. 1909-ல் ஷோம்பெர்க் என்ற ஜெர்மானியர், திருவிதாங்கூரிலிருந்து ஐரோப்பாவுக்குப் போன தேங்காய் நார்க் கயிற்றில் ஒட்டியிருந்த மணலில் மோனசைட் இருப்பதைக் கண்டார். மணல் எங்கிருந்து வந்தது என்று தேடிக்கொண்டு இங்கேயே வந்துவிட்டார். மணவாளக்குறிச்சியில் மணல் பிரிக்கும் ஆலை எழுந்தது. முதல் உலகப் போர் மூண்டதும் ஜெர்மானியர் கையிலிருந்த தொழில் ஆங்கிலேயர் கைக்குப் போனது.

அந்தக் கரையில் மட்டும் ஏன் இந்த மணல்? மலைப் பாறைகள் சிதைந்து ஆறுகள் வழியே கடலுக்கு வருகின்றன. அலை மணலைக் கரையில் போட்டுவிட்டுத் திரும்பும்போது லேசான மணலை இழுத்துக்கொள்கிறது. கனமானது கரையில் தங்குகிறது. சாதாரண மணல் தண்ணீரைப் போல் சுமார் இரண்டரை மடங்கு கனம் என்றால், மோனசைட் ஏறக்குறைய ஐந்து மடங்கு. கறுப்பான இல்மனைட், சிவந்த கார்னெட், பழுப்பு மஞ்சள் மோனசைட் எல்லாம் இப்படி அலை புடைத்துச் சேர்த்துவைத்தவை.

பின்னர் தோரியத்தை அணு உலை எரிபொருளாக மாற்ற முடியும் என்று தெரிந்ததும் இந்த மணலின் மதிப்பே மாறிப்போனது. 1947-ல் திருவிதாங்கூர் தனி நாடாக இருக்கும் என்று திவான் சர் சி.பி. ராமசாமி ஐயர் அறிவித்தபோது, அவர் கையிலிருந்த துருப்புச் சீட்டுகளில் இந்த மணலும் ஒன்று. அந்த முயற்சி நிலைக்கவில்லை. 1950-ல் இந்திய அருமண் நிறுவனம் தொடங்கப்பட்டது. 1956-ல் கன்னியாகுமரி மாவட்டம் தமிழ்நாட்டோடு இணைந்தபோது மணவாளக்குறிச்சியும் நம்மிடம் வந்தது.

விலை கொடுப்பவர்கள்

தோரியம் கதிர்வீச்சுள்ள தனிமம். 1898-லேயே மேரி கியூரி உள்ளிட்டோர் இதைக் கண்டறிந்துவிட்டார்கள். மணவாளக்குறிச்சிக் கரையில் இயற்கைக் கதிர்வீச்சே மற்ற இடங்களைவிட அதிகம். மணலை அள்ளிப் பிரிக்கும்போது தோரியம் கலந்த கழிவை எங்கே, எப்படி வைப்பது என்ற கேள்வி கூடவே வருகிறது. கரை அரிப்பு, மீன்பிடிப்பு பற்றிய கவலைகள் வேறு. 2013-ல் தமிழ்நாட்டில் தனியார் தாது மணல் எடுப்பு தடை செய்யப்பட்டது. அண்மையில் கிள்ளியூர் வட்டாரக் கடலோரத்தில் மணல் எடுக்கும் திட்டம் வந்தபோது மீனவ மக்கள் கடுமையாக எதிர்த்தார்கள்.

மறுபக்கம், உலகின் அருமண் பிரிப்புத் தொழில் பெரும்பாலும் சீனாவின் கையில் இருக்கிறது. 2025 ஏப்ரலில் சீனா ஏழு அருமண் தனிமங்களுக்கு ஏற்றுமதிக் கட்டுப்பாடு விதித்தபோது, காந்தம் கிடைக்காமல் நம் நாட்டு வாகனத் தொழிற்சாலைகளும் தடுமாறின. தேவையும் உண்மை, மீனவர்களின் அச்சமும் உண்மை. இரண்டையும் ஒரே நாளில் தீர்த்துவிட முடியாது.

நம் வீட்டில் இருக்கும் சுரங்கம்

நம்மால் முடிந்தது ஒன்று உண்டு. வெல்ஸ்பாக் பிரித்தெடுத்த நியோடைமியத்தை இரும்பு, போரானோடு சேர்த்து 1980-களில் மிக வலிமையான காந்தம் செய்தார்கள். ஹார்டு டிஸ்க், இயர்போன், மின்சார ஸ்கூட்டரின் மோட்டார் எல்லாவற்றிலும் அது இருக்கிறது. இவற்றைப் பழைய இரும்புக்காரரிடம் போட்டால், காந்தம் இரும்போடு இரும்பாக உருகிப் போய்விடும். மின்கழிவாகத் தனியே கொடுத்தால்தான் மீட்கும் வாய்ப்பாவது இருக்கும். அப்படி மீட்கும் ஒவ்வொரு கிலோவும் ஏதோ ஒரு கரையில் அள்ளாமல் விட்ட மணல்.

இன்னும் இரண்டு விஷயம். ட்யூப் லைட்டிலும் சி.எஃப்.எல். பல்பிலும் பாதரசம் இருக்கிறது. உடைக்காமல், காகிதத்தில் சுற்றித் தனியாகக் கொடுங்கள். குப்பைக் குழாயில் போட வேண்டாம். இன்வெர்ட்டர் பேட்டரியில் இருப்பது ஈயம். புதியது வாங்கும் கடையிலேயே பழையதைக் கொடுத்துவிடுங்கள்.

பெட்ரோமாக்ஸ் என்ன ஆனது என்கிறீர்களா? விளக்கை நினைவாக வீட்டிலேயே வைத்துக்கொள்ளச் சொன்னோம். மேண்டில் பாக்கெட்டைப் பிரிக்காமல், குழந்தைகள் கைக்கு எட்டாமல் வைக்கச் சொன்னோம். மூடியிருக்கும் வரை பயமில்லை. உதிர்ந்த தூளை மூச்சில் இழுக்கக் கூடாது, அவ்வளவுதான்.

போகும்போது அவர் மேலே எரிந்துகொண்டிருந்த எல்.இ.டி. விளக்கைக் காட்டி, "இதுக்கு மேண்டிலே தேவையில்ல பாருங்க" என்றார். ஆனால் அதற்குள்ளும் சீரியம் இருக்கிறது. எல்.இ.டி. சில்லு தருவது நீல ஒளி. சிறிது சீரியம் கலந்த, இட்ரியம் உள்ள மஞ்சள் பூச்சுதான் அதை வெள்ளையாக்குகிறது. 1891-ல் மேண்டிலில் சேர்ந்த அதே சீரியம் இன்று நம் வராந்தாவிலும் எரிகிறது.

அடுத்த சேகரிப்பு நாளன்று உங்கள் பரணையும் ஒரு முறை பார்த்துவிட்டு வாருங்கள்.