டார்ட்மூர் மேட்டுநிலம்

டார்ட்மூர், இங்கிலாந்தின் தென்மேற்கே டெவன் கவுன்ட்டியில் உள்ள கருங்கல் மேட்டுநிலம். மரம் அரிதாகிப் புல்லும் குறும்புதரும் சதுப்பும் பரந்து கிடக்கும் ஈரமான மேட்டை ஆங்கிலத்தில் மூர் என்பார்கள். இங்கே பிறக்கும் டார்ட் ஆற்றின் பெயர் அதனோடு சேர்ந்துகொண்டது. மிக உயர்ந்த இடமான ஹை வில்ஹேஸ் 621 மீட்டர். 1951இல் தேசியப் பூங்கா ஆக்கப்பட்டது. பரப்பு 954 சதுர கிலோமீட்டர்.

ஏறத்தாழ 28 கோடி ஆண்டுகளுக்கு முன் பாறைக்குழம்பு நிலத்துக்கு அடியிலேயே ஆறி இறுகியது. மேலிருந்த பாறைகள் தேய்ந்து மறைந்தபின் வெளிப்பட்ட அந்தக் கருங்கல்தான் இன்றைய மேடு. குன்றுகளின் உச்சியில் யாரோ அடுக்கிவைத்தாற்போல் நிற்கும் பாறைகளுக்கு ‘டார்’ என்று பெயர். 160க்கு மேல் உண்டு. கருங்கல்லுக்குள் நீர் எளிதில் இறங்காது. மழையோ மேட்டின்மேல் உள்ள பிரின்ஸ்டவுன் ஊர்ப் பக்கம் ஆண்டுக்கு 2,000 மில்லிமீட்டரை ஒட்டிப் பெய்கிறது. தேங்கிய நீரில் பாசியும் புல்லும் முழுதும் மட்காமல் படிந்து ‘பீட்’ என்னும் கரிய மண்ணாகின்றன. டார்ட், டீன், டா, டேவி ஆறுகளுக்கு ஊற்று இந்த மண்தான்.

மனிதர் கை படாத வனாந்தரம் என்று இதை நினைத்தால் அது பெரும் பிழை. ஒருகாலத்தில் இங்கே காடு இருந்தது. கற்கால வேட்டைக்காரர்கள் தீயிட்டும், பின்வந்த உழவர்கள் வெட்டியும் அதை அழித்தார்கள். பாறை இடுக்குகளில் பாசி போர்த்து, குள்ளமாக முறுக்கி நிற்கும் விஸ்ட்மன்ஸ் வுட் என்னும் சிறுகாட்டின் ஓக் மரங்களைப் பார்த்தால் அந்தப் பழங்காட்டை ஓரளவு கற்பனை செய்யலாம். கி.மு. 2ஆம் ஆயிரமாண்டின் நடுவில், வெண்கலக் கால மக்கள் பல கிலோமீட்டர் நீளத்துக்குத் தாழ்வான கல்வரப்புகள் போட்டு மேட்டையே பங்கிட்டுக்கொண்டார்கள். ‘ரீவ்’ எனப்படும் இந்த வரப்புகளின் உண்மையான வயது 1970களில்தான் தெளிவானது. ஆயிரக்கணக்கான வட்டக் குடிசைகளின் அடித்தளங்களும் எஞ்சியுள்ளன. ஐரோப்பாவில் இவ்வளவு முழுமையாகப் பிழைத்த பழைய வயல்வெளி அரிது.

குளிரும் ஈரமும் கூடியபின் உழவு கைவிடப்பட்டு, மேய்ச்சல் நிலைத்தது. 12ஆம் நூற்றாண்டு முதல் ஓடைச் சரளையை அலசி வெள்ளீயம் எடுத்தார்கள். வெள்ளீயத் தொழிலாளர்களுக்குத் தனிச் சட்டமும் தனி மன்றமும் இருந்தன. க்ரோக்கர்ன் டார் பாறையடியில், திறந்தவெளியில் அந்த மன்றம் கூடியது. 1337 முதல் மேட்டின் நடுப்பகுதி கார்ன்வால் கோமகனின் உடைமை. ஆனாலும் சுற்றூரார் தம் ஆடுமாடுகளையும் குதிரைகளையும் அங்கே மேயவிடும் உரிமையை விட்டுக்கொடுக்கவில்லை. அந்த மேய்ச்சலே புதர் மண்டாமல் நிலத்தைத் திறந்து வைத்திருக்கிறது.

18ஆம் நூற்றாண்டின் இறுதியில் இதைப் ‘பாழ்நிலம்’ என்று கருதி விளைநிலமாக்க முனைந்தவர் தாமஸ் டிர்விட். அவர் விதைத்த ஆளிப் பயிர் தோற்றது. பின்பு அவர் யோசனைப்படி பிரெஞ்சுப் போர்க்கைதிகளுக்காகப் பிரின்ஸ்டவுனில் எழுந்த சிறை 1809இல் திறக்கப்பட்டது. 1902இல் நூலாக வந்த ஆர்தர் கோனன் டாயிலின் பாஸ்கர்வில் வேட்டைநாய்க் கதை, டார்ட்மூர் என்றாலே மூடுபனியும் புதைசேறும் அச்சமும் என்று உலகை நம்பவைத்தது. நிலத்துக்கு அது நியாயம் செய்யவில்லை. உண்மையான ஆபத்து கருங்கல்லிலிருந்து கசியும் ரேடான் என்னும் கதிரியக்க வாயுவில் இருந்தது. அதன் அளவு மிகுந்ததால் 2024இல் சிறை காலிசெய்யப்பட்டது.

இங்குள்ள பொது மேய்ச்சல் நிலங்களில் நடக்கவும் குதிரையேறவும் 1985ஆம் ஆண்டுச் சட்டம் எல்லோருக்கும் உரிமை தந்தது. இரவில் கூடாரமடித்துத் தங்குவது அதில் அடங்குமா என்ற வழக்கு மூன்று நீதிமன்றங்களைக் கண்டது. அடங்கும் என்று 2025 மே மாதம் பிரிட்டன் உச்ச நீதிமன்றம் ஒருமனதாகத் தீர்ப்பளித்தது.